பெற்றோல் செட் கவுண்டரில் 20 வருடம்

2005 ஜூலை மாதக் கடைசி. தெற்கு லண்டனில் குரொய்டன் பக்கத்தில் ஒரு பெற்றோல் செட்டில் எனக்கு இரவு வேலை. அந்த மாதம் 7ஆம் திகதி லண்டன் சுரங்க ரயில்களிலும் ஒரு பஸ்ஸிலும் குண்டு வெடித்து 52 பேர் இறந்திருந்தார்கள். 22ஆம் திகதி ஸ்டொக்வெல் நிலையத்தில், பிரேசில் நாட்டிலிருந்து வந்து மின்வேலை செய்துகொண்டிருந்த ஒருவரைக் குண்டுக்காரன் என்று நினைத்துப் பொலிஸ் சுட்டுக் கொன்றது. எங்கள் நிறத்தில் முதுகுப் பையோடு ரயில் ஏறியவர்கள் யாரும் அந்த நாட்களை மறந்திருக்க மாட்டார்கள். நான் சாப்பாட்டுப் பெட்டியை முதுகுப் பையில் கொண்டுபோவதை விட்டுவிட்டு, உள்ளே இருப்பது வெளியே தெரிகிற பிளாஸ்டிக் பையில் கொண்டுபோகத் தொடங்கியிருந்தேன்.

இரவு 11 மணிக்குக் கதவைப் பூட்டிவிடுவோம். அதன் பிறகு ஜன்னல் வழியாகத்தான் வியாபாரம். நடுவில் தடித்த கண்ணாடி, பேச ஒரு மைக், காசையும் சாமானையும் தள்ள ஒரு இழுப்பறை. அன்று ஒருவன் நல்ல வெறியில் வந்து பியர் கேட்டான். அந்த நேரத்துக்கு மேல் மதுபானம் விற்க எங்கள் லைசன்ஸில் இடமில்லை. வெறியில் நிற்பவருக்கு விற்பதும் குற்றம். இல்லை என்றேன். அவன் கண்ணாடியில் குத்திவிட்டு, "பாக்கி, குண்டு வைக்கத்தானே இங்கே வந்தீர்கள்" என்று தொடங்கினான்.

அந்தச் சொல்லை இங்கிலாந்தில் இருப்பவர்களுக்கு விளக்கத் தேவையில்லை. பாகிஸ்தான் என்பதைச் சுருக்கி, எங்கள் நிறத்தில் யாரைக் கண்டாலும் ஏசுவதற்கு வைத்திருக்கிற சொல் அது. யாழ்ப்பாணமா, குஜராத்தா, வங்காளமா என்று விசாரித்துவிட்டு யாரும் ஏசுவதில்லை. நான் மைக்கை அமத்தி, "நான் பாகிஸ்தான்காரன் இல்லை, ஸ்ரீலங்கா. நான் இந்து" என்றேன். அவனுக்குக் கேட்கவில்லையோ என்று இரண்டாம் தரமும் சொன்னேன். அவன் காறித் துப்பிவிட்டுப் போய்விட்டான்.

அவனுக்குப் பின்னால் வரிசையில் நின்றவர் பாகிஸ்தான் வசமுள்ள காஷ்மீரின் மீர்பூரைச் சேர்ந்த டாக்சிக்காரர். கிழமையில் நாலு நாள் இரவு 2 மணிக்கு வந்து டீசல் அடித்துவிட்டு, முரளியைப் பற்றியும் இன்சமாமைப் பற்றியும் ஐந்து நிமிடம் கதைத்துவிட்டுப் போவார். என்னைப் 'பேட்டா', மகனே, என்றுதான் கூப்பிடுவார். அன்று காசை இழுப்பறையில் வைத்துவிட்டு, "அந்தக் கதிரையில் நான் இருந்திருந்தால் அவன் ஏசினது சரியா?" என்று மட்டும் கேட்டார். மிச்சக் காசை எடுக்காமலே போய்விட்டார்.

எனக்கு அந்த நேரம் பதில் வரவில்லை. என் மேல் விழுந்த எச்சிலை நான் துடைத்து அவர் மேல் தடவியிருந்தேன். அதற்குப் பிறகும் அவர் வந்தார், டீசல் அடித்தார், கிரிக்கெட் கதைக்கவில்லை. மூன்று கிழமை கழித்து, ஒரு விடியற்காலை நான் வெளியே போய், பம்ப் பக்கத்தில் வைத்து அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். "விடு பேட்டா" என்றார்.

புதிதாகக் கடை வேலைக்கு வருகிற பிள்ளைகளுக்கு நான் முதலில் சொல்வது இதைத்தான். யாராவது உங்களை வேறொரு இனத்தின் பெயர் சொல்லி ஏசினால், 'நான் அவர்கள் இல்லை' என்று திருத்தப் போகாதீர்கள். ஏசுபவனுக்குத் திருத்தம் தேவையில்லை. கேட்டுக்கொண்டு நிற்கிற மற்றவருக்குத்தான் அது போய்ச் சேரும்.

சரி, அப்படியென்றால் என்ன சொல்வது? எனக்கு இதைக் கற்றுத் தந்தவர் கானாவிலிருந்து வந்த ஒரு அம்மா. அப்போது அவர்தான் எங்கள் ஷிஃப்டுக்கு மேற்பார்வை. ஒரு நாள் வரிசையில் நின்ற ஒருவர், நான் தமிழில் போன் பேசி முடித்ததைக் கேட்டுவிட்டு, "இது இங்கிலாந்து, இங்கிலீஷில் பேசு" என்று சத்தம் போட்டார். நான் விளக்கம் சொல்ல வாயைத் திறந்தேன். அம்மா என் தோளில் கையை வைத்து ஒதுக்கிவிட்டு, "நாலாம் பம்ப், 32 பவுண்ஸ் 40. கார்ட்டா, காசா?" என்று கேட்டார். குரல் ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. அந்த ஆள் இன்னும் ஏதோ சொன்னார். "32 பவுண்ஸ் 40" என்றார் அம்மா. பின்னால் நாலு பேர் நின்றார்கள். அந்த ஆள் கார்ட்டை நீட்டினார்.

"தொகையைச் சொல்லு" என்பதுதான் அம்மா தந்த பாடம். கேட்க மிகச் சின்ன விஷயம். ஆனால் நான் 15 வருடத்துக்கு மேலாக அதைப் பயன்படுத்துகிறேன். பெரும்பாலான ஆட்கள் சண்டைக்கென்று வருவதில்லை. வீட்டிலோ வேலையிலோ செய்தியிலோ எதையோ கண்டு கொதித்துப்போய் வருகிறார்கள். எங்கள் முகத்தைக் கண்டதும் அது வெளியே வருகிறது. தொகையைச் சொல்லும்போது, அவர்கள் எதற்காக உள்ளே வந்தார்களோ அந்த வேலைக்கு அவர்களைத் திருப்பிவிடுகிறோம். நாங்களும் வேறு எதையும் சொல்லி மாட்டிக்கொள்வதில்லை.

ஆனால் எல்லாவற்றுக்கும் அது போதாது. முணுமுணுப்பு வேறு, முகத்துக்கு நேரே இனத்தைச் சொல்லி ஏசுவது வேறு, கையை ஓங்குவது வேறு. முகத்துக்கு நேரே ஏசினால், கையில் இருக்கிற சாமானைக் கவுண்டரின் எங்கள் பக்கத்தில் வைத்துவிட்டு, "நீங்கள் இப்போது சொன்ன சொல்லுக்காக உங்களுக்கு நான் விற்கப் போவதில்லை" என்று ஒரே வசனத்தில் சொல்ல வேண்டும். இங்கிலாந்தில் கடைக்காரருக்கு விற்க மறுக்கும் உரிமை உண்டு. ஆனால் 2010 சமத்துவச் சட்டப்படி, வந்தவரின் இனம், மதம், பால் போன்றவற்றுக்காக மறுக்க முடியாது. அதனால்தான் அவர் செய்ததை மட்டும் காரணமாகச் சொல்ல வேண்டும். 'உன்னைப் போன்ற ஆட்களுக்கு' என்று ஒரு வார்த்தை வந்துவிட்டால், நியாயம் அவர் பக்கம் போய்விடும்.

பெற்றோல் செட்டில் இன்னொரு சிக்கல் இருக்கிறது. தாங்கிக்குள் போன பெற்றோலைத் திருப்பி எடுக்க முடியாது. அடித்த பிறகு உள்ளே வந்து ஏசுகிறவரிடம் 'விற்க மாட்டேன்' என்பதில் அர்த்தமில்லை, காசு கட்டாமல் போக நாங்களே வழி திறந்துவிட்டது போலாகும். அப்படியான நேரத்தில் முதலில் காசை வாங்கி, ரிசீட்டைக் கொடுத்து, பிறகு "அடுத்த முறை இங்கே வர வேண்டாம்" என்று சொல்லி, கார் நம்பரைக் குறித்துக்கொள்வேன். அடுத்த முறை வந்தால் பம்ப்பைத் திறந்துவிடாமல் இருப்பது எங்கள் கையில்தான் இருக்கிறது.

கையை ஓங்கினால் பேச்சே தேவையில்லை. பின்னால் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டு அவசர நம்பர் 999 அடிக்க வேண்டும். ரில்லில், அதாவது காசுப் பெட்டியில், இருக்கிற காசுக்காக யாரும் அடி வாங்கத் தேவையில்லை.

இதெல்லாம் பின்னால் முதலாளி நின்றால்தான் நடக்கும். நான் முன்பு வேலை செய்த ஒரு இடத்தில், என்னை மிக மோசமாக ஏசிவிட்டுப் போன ஒருவர் மறுநாள் வந்து என் மேலேயே முறைப்பாடு சொன்னார். முதலாளியும் தமிழர்தான். அவர் என்னைக் கேட்கவே இல்லை. அந்த ஆளிடம் மன்னிப்புக் கேட்டு, காரை இலவசமாகக் கழுவிவிடச் சொன்னார். கழுவுகிற இயந்திரத்துக்கு டோக்கனை எடுத்துக் கொடுத்தது நான். 'வாடிக்கையாளரை இழக்க முடியாது தம்பி' என்று பிறகு சொன்னார். ஏசியவனின் முகம் எனக்கு மறந்துவிட்டது, அந்த டோக்கன் மறக்கவில்லை. கடை வைத்திருக்கிற எங்கள் ஆட்களிடம் நான் கெஞ்சிக் கேட்பது இதுதான். வேலை செய்கிற பிள்ளையின் கதையை முதலில் கேளுங்கள், கமராவைப் பாருங்கள், அதற்குப் பிறகு யாரிடம் மன்னிப்புக் கேட்பது என்று முடிவெடுங்கள்.

ஏச்சு எப்போதும் வெள்ளைக்காரரிடமிருந்துதான் வரும் என்று நினைத்தால், எங்கள் கடைகளில் நடப்பதில் பாதியைக் காணாமல் விட்டுவிடுவோம். 2009இல் எனக்கும் என்னோடு வேலை செய்த ஒரு சிங்களப் பையனுக்கும் நடுவில் ஒரு கவுண்டர்கூட இருக்கவில்லை, பக்கத்தில் பக்கத்தில் நின்றோம்.

ஏப்ரல் 6ஆம் திகதி தொடங்கி ஜூன் நடுப்பகுதி வரை வன்னியில் நடந்த யுத்தத்தை நிறுத்தச் சொல்லி எங்கள் சனம் இரவு பகலாக லண்டன் பாராளுமன்றச் சதுக்கத்தில் இருந்தது. நான் இரவு வேலை முடிந்ததும் காலை ரயிலில் வெஸ்ட்மின்ஸ்டருக்குப் போய், பின்னேரம் வீட்டுக்கு வந்து படுப்பேன். அந்தச் சிங்களப் பையன் குருநாகலைச் சேர்ந்தவன், படிக்க வந்தவன். அவன் என்னை அண்ணா என்பான், நான் அவனை மல்லி என்பேன், சிங்களத்தில் தம்பி. அவனுடைய தமையன் இராணுவத்தில் இருந்தது எனக்குத் தெரியும். என் சித்தி குடும்பம் வன்னிக்குள் அகப்பட்டிருந்தது அவனுக்குத் தெரியும். அந்த இரண்டு மாதமும் பால் லொறி எப்போது வரும், எந்தப் பம்ப் பழுது என்பதைத் தவிர நாங்கள் வேறு எதையும் கதைக்கவில்லை. ஆர்ப்பாட்டத் துண்டுப்பிரசுரங்களை நான் கவுண்டரில் சுவிங்கம் பெட்டிக்குப் பக்கத்தில் அடுக்கி வைத்திருந்தேன். ஷிஃப்டுக்கு ஷிஃப்ட் அவன் அதைப் பார்த்துக்கொண்டுதான் வேலை செய்தான். ஒரு தாளைக்கூட எடுத்து எறியவில்லை. கலைந்தால் அடுக்கி வைத்தான்.

மே 19 காலை 7 மணி, நான் வேலையை அவனிடம் ஒப்படைக்கிற நேரம். யுத்தம் முடிந்தது என்று அங்கே அறிவித்துவிட்டார்கள், கொழும்பில் வெற்றியைக் கொண்டாடித் தெருவில் வைத்துப் பாற்சோறு கொடுத்துக்கொண்டிருந்தார்கள். எங்கள் கடைக்கு வழமையாக வருகிற சிங்களவர் ஒருவர், ஒரு பெட்டி நிறையப் பாற்சோற்றைக் கொண்டுவந்து கவுண்டரில் வைத்து, சிரித்துக்கொண்டு சிங்களத்தில் ஏதோ சொன்னார். கொழும்பில் மூன்று வருடம் இருந்தவன் நான், எனக்கு விளங்கியது. நான் ஜக்கெட்டைப் போட்டுக்கொண்டு கோப்பி மெஷினுக்குப் பக்கத்தில் நின்றேன். மல்லி பெட்டியைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். 'இங்கே வேண்டாம்' என்று சிங்களத்தில் சொல்லிப் பெட்டியைத் திருப்பித் தள்ளினான். அந்த ஆள் கோபப்பட்டார். ஏன் பயப்படுகிறாய் என்று கேட்டார். மல்லி பெற்றோல் காசை மட்டும் வாங்கிக்கொண்டு தலையைக் குனிந்துகொண்டான்.

அதைப் பற்றி நாங்கள் இருவரும் ஒரு நாளும் கதைத்ததில்லை. அடுத்த நாலு இரவும் என்னுடைய ஷிஃப்டை அவன் செய்தான், நான் கேட்கவில்லை. சித்தி குடும்பம் செட்டிகுளம் முகாமில் இருக்கிறது என்று செய்தி வந்த அன்று, "ஒக்கொம இன்னவாத அண்ணா?" என்று கேட்டான். எல்லோரும் இருக்கிறார்களா என்று. இருக்கவில்லை. சொன்னேன்.

அதற்குப் பிறகு கவுண்டரிலிருந்த துண்டுப்பிரசுரங்களை நானே எடுத்துப் பையில் வைத்தேன். நான் நம்பியதிலிருந்து ஒரு அடியும் பின்வாங்கவில்லை, சதுக்கத்துக்குக் கடைசிவரை போனேன். ஆனால் கவுண்டர் என்பது அவனும் எட்டு மணித்தியாலம் நிற்க வேண்டிய இடம். இன்று என் கடையில் எந்த நாட்டுக் கொடியும், எந்தக் கட்சித் தாளும், உண்டியலும் கவுண்டரில் இல்லை. பின்னால் இருக்கிற சின்னத் தொலைக்காட்சியில் செய்தி ஓடுவதும் இல்லை. தேர்தல் நேரத்தில், கலவர நேரத்தில், ஊரில் ஏதாவது நடக்கிற நேரத்தில் இது எவ்வளவு உதவுகிறது என்பது வேலை செய்தால்தான் தெரியும்.

இனி எனக்குச் சொல்லக் கடினமான பகுதி. 2011 ஓகஸ்ட் 8ஆம் திகதி கலவரத்தில் குரொய்டன் எரிந்தது. 1867இலிருந்து அங்கே நின்ற ரீவ்ஸ் தளபாடக் கடை எரிந்ததை உலகமே தொலைக்காட்சியில் பார்த்தது. லண்டன் ரோட்டில் சின்னக் கடைகளை உடைத்து அள்ளிக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகு எங்கள் இடத்தில் ஒரு புது ஒழுங்கு வந்தது. தலையை மூடிய சட்டையோடு வருகிறவர்கள் இரவில் முன்கூட்டியே காசு கட்ட வேண்டும். எழுத்தில் அப்படித்தான் இருந்தது. நாங்கள் நடைமுறைப்படுத்தியது வேறு. கமராவில் கறுப்பினப் பையன்களின் முகம் தெரிந்தால் பம்ப்பைத் திறக்க மாட்டோம். மற்றவர்களுக்குத் திறந்துவிடுவோம். நானும் செய்தேன்.

அடுத்த வருடம் ஒரு நாள், ஒரு கறுப்பினப் பையன் சிகரெட் கேட்டான். 25 வயதுக்குக் குறைவாகத் தெரிகிற எல்லோரிடமும் அடையாள அட்டை கேட்பது இங்கே கடைகளில் உள்ள வழக்கம். 18 வயதுக்குக் குறைந்தவருக்கு விற்றால் ரில்லில் நிற்கிறவரே தண்டப்பணம் கட்ட நேரிடும். கேட்டேன். அவன் சத்தம் போடவில்லை. "எனக்கு முன்னால் நின்ற பிள்ளையிடம் கேட்கவில்லையே" என்றான். திரும்பிப் பார்த்தேன். அந்த வெள்ளைக்காரப் பெண் கதவைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தாள். அவளுக்கும் அதே வயதுதான் இருக்கும். அவளிடம் நான் கேட்கவில்லை.

எனக்கு உடனே ஞாபகத்துக்கு வந்தது கொழும்பு. வடக்குக் கிழக்கில் வழங்கிய அடையாள அட்டையில் சிங்களத்தோடு தமிழும் இருக்கும். மற்ற இடத்து அட்டையில் சிங்களம் மட்டும். சோதனைச் சாவடியில் பஸ்ஸை மறித்து 'ஐசி' கேட்பார்கள், அட்டையைப் பார்த்ததும் ஆள் யாரென்று தெரிந்துவிடும், மற்றவர்கள் ஏறிப் போக நாங்கள் மட்டும் றோட்டோரம் நிற்போம். அந்த வெயிலில் நின்றவன் இப்போது கவுண்டருக்கு இந்தப் பக்கம் நின்று ஐசி கேட்கிறேன். அந்தப் பையன் பாஸ்போர்ட்டைக் காட்டினான், 22 வயது. சிகரெட்டைக் கொடுத்தேன். "நீங்கள் சொன்னது சரி, அவளிடமும் கேட்டிருக்க வேண்டும்" என்றேன். அவன் ஒன்றும் சொல்லாமல் போனான்.

இதற்கு நல்ல மனது மட்டும் போதாது என்று எனக்குத் தெரிந்துவிட்டது. களைத்துப்போன இரவு 3 மணிக்கு மனது பழைய வழியில்தான் போகும். அதனால் விதியைப் போட்டோம். இரவு 10 மணிக்குப் பிறகு எல்லோருக்கும் முன்கூட்டிக் காசு, 30 வருட வாடிக்கையாளர் என்றாலும். சிகரெட், மதுபானம், லொத்தர் என்றால் கண்ணுக்கு இளமையாகத் தெரிகிற எல்லோரிடமும் அட்டை. விற்காமல் விட்ட ஒவ்வொரு தரமும் மறுப்புப் புத்தகத்தில் நேரத்தோடு எழுத வேண்டும். மாதக் கடைசியில் அதைப் புரட்டிப் பார்த்தால், யாரை மறித்தோம் என்பது தெரிந்துவிடும். முன்கூட்டிக் காசு கேட்டதற்காகச் சில பழைய வாடிக்கையாளர்கள் கோபித்துக்கொண்டு வேறு செட்டுக்குப் போனார்கள். அவர்கள் போனது எங்களுக்கு நட்டம்தான். ஆனாலும் அந்த விதியை நாங்கள் எடுக்கவில்லை.

2016 ஜூன் 23 நடந்த பிரெக்சிற் வாக்கெடுப்பு, ஐரோப்பிய ஒன்றியத்திலிருந்து பிரிட்டன் விலகுவதா என்று கேட்டது, இன்னொரு மாதிரி. அப்போது எங்களோடு ஒரு போலந்துப் பெண் வேலை செய்தாள். 11 வருடமாக இந்த நாட்டில் வரி கட்டுகிறவள். அவளுக்கு அந்த வாக்கெடுப்பில் வாக்கு இல்லை. பொதுநலவாய நாடுகளின் குடிமக்கள் இங்கே சட்டப்படி வசித்தால் வாக்கு உண்டு என்பதால், விசாவில் வந்து ஒரு வருடமான ஸ்ரீலங்காக்காரருக்குக்கூட இருந்தது. எங்கள் சனத்தில் சிலர் ஐரோப்பியர் வருவது நின்றால் எங்கள் ஆட்களுக்கு விசா லேசாகும் என்று நம்பி விலகுவதற்கு வாக்குப் போட்டார்கள். விலகுவதற்கு 51.9 வீதம் என்று விடிந்த அந்த வெள்ளிக்கிழமை காலை, அவள் என்னிடம் "நீ எதற்குப் போட்டாய்?" என்று கேட்டாள். நான் போடவே போகவில்லை. அன்று இரண்டு ஷிஃப்ட் என்று சொன்னேன். இரவு 10 மணி வரை வாக்குச்சாவடி திறந்திருந்தது அவளுக்கும் தெரியும்.

அன்றே ஒரு வாடிக்கையாளர் அவளிடம், "பெட்டியைக் கட்டிவிட்டாயா?" என்று கேட்டுச் சிரித்தார். பிறகு என்னைப் பார்த்து, "நீ பரவாயில்லை, நீ பொதுநலவாயம்" என்று கட்டைவிரலைக் காட்டினார். நான் சிரித்தேன். ரில்லில் நின்று நின்று பழகிய சிரிப்பு அது, யார் எதைச் சொன்னாலும் தானாக வரும். அவள் என்னைப் பார்த்த பார்வையில் எனக்கு அந்த மீர்பூர் டாக்சிக்காரர் ஞாபகம் வந்தார். 11 வருடம் கழித்து நான் திரும்பவும் அதே இடத்தில் நின்றேன். மறுநாள் அந்த ஆள் வந்தபோது, "நேற்று அவளிடம் சொன்னதை இனி இங்கே சொல்ல வேண்டாம்" என்றேன். அவருக்கு முகம் சிவந்தது. பகிடிக்குச் சொன்னேன் என்றார். பிறகும் வந்துகொண்டுதான் இருந்தார், அவளிடம் மரியாதையாகத்தான் பேசினார். அடுத்த வருடம் அவள் குடும்பத்தோடு போலந்துக்குப் போய்விட்டாள்.

பக்கத்தில் நிற்கிறவருக்கு ஏச்சு விழும்போது என்ன செய்வது என்று பிள்ளைகள் கேட்பார்கள். வீரம் காட்டத் தேவையில்லை. பக்கத்தில் போய் நிற்பதே பெரிய வேலை. "நான் இந்த ரில்லைப் பார்க்கிறேன், நீ உள்ளே போ" என்று சொல்லி இடத்தை மாற்றிக்கொள்ளலாம். அந்த நேரத்தில் சிரிக்காமல் இருப்பதும் ஒரு வேலைதான்.

2013இலிருந்து கென்ற் பக்கத்தில் ஒரு சின்ன ஊரில் நானே ஒரு கடை நடத்துகிறேன், கிழமையில் இரண்டு இரவு பழைய செட்டிலும் நிற்கிறேன். கடையில் ரில்லுக்குக் கீழே ஒரு நீல அட்டைக் கொப்பி இருக்கிறது. ஏதாவது நடந்தால் பத்து நிமிடத்துக்குள் எழுத வேண்டும். திகதி, நேரம், யார் வேலையில் நின்றது, ரிசீட் நம்பர், கார் நம்பர், உடுப்பு. முக்கியமாக, சொன்ன சொல் அப்படியே, இங்கிலீஷில், ஒரு எழுத்தும் மாறாமல். 'இனத்தைச் சொல்லி ஏசினான்' என்று பொதுவாக எழுதினால் பிறகு ஒன்றும் செய்ய முடியாது. அன்றே சிசிடிவியை வேறாகச் சேமிக்க வேண்டும், பல கமராக்களில் ஒரு மாதத்துக்குள் பழையது அழிந்துவிடும். உடனடி ஆபத்து இல்லாவிட்டால் பொலிஸின் 101க்கு அடித்து, இது இன வெறுப்புச் சம்பவம் என்று நீங்களே வாய் திறந்து சொல்லி, முறைப்பாட்டு நம்பரை வாங்க வேண்டும்.

'நிரூபிக்க முடியாதே' என்று பலர் விட்டுவிடுகிறார்கள். 1993இல் லண்டன் எல்தமில் இனவெறியர்கள் குத்திக் கொன்ற கறுப்பின இளைஞன் ஸ்டீவன் லோரன்ஸின் வழக்கைப் பொலிஸ் எப்படிக் கையாண்டது என்று விசாரித்த மக்பர்சன் அறிக்கை 1999இல் வந்தது. பாதிக்கப்பட்டவரோ வேறு யாரோ ஒரு சம்பவத்தை இனவெறி என்று கருதினால், அதை இனவெறிச் சம்பவமாகக் கொள்ள வேண்டும் என்று அந்த அறிக்கை சொன்னது. வழக்கு வென்று தருவதாக அர்த்தமில்லை. பதிவில் ஏற இது வழிவிடுகிறது. 1998ஆம் ஆண்டுச் சட்டம் இனப் பகையோடு செய்த தாக்குதலுக்கும் மிரட்டலுக்கும் கூடிய தண்டனை வைத்திருக்கிறது. 2022இலிருந்து, பொதுமக்களுக்குச் சேவை செய்கிறவரை அந்த வேலையின்போது தாக்கினால், நீதிமன்றம் அதைக் குற்றத்தின் கனத்தைக் கூட்டும் காரணமாகப் பார்க்க வேண்டும். கடை வேலையாளும் அதில் அடக்கம். என் கொப்பியில் எழுதியவற்றில் பெரும்பாலானவை எங்கும் போய்ச் சேரவில்லை. ஒன்று மட்டும் போனது. ஒரே ஆள் மூன்று மாதத்தில் நாலு தரம் வந்து ஏசியதை நாலு திகதியோடு காட்டியபோது, பொலிஸ் அவர் வீட்டுக்குப் போய் எச்சரித்தது. அவர் பிறகு வரவில்லை.

கடைசியாக 2024 ஓகஸ்ட். ஜூலை 29 சவுத்போர்ட்டில் மூன்று சின்னப் பெண் பிள்ளைகளைக் கத்தியால் குத்திக் கொன்ற பையன், படகில் வந்த அகதி என்று பொய் பரவியது. அவன் கார்டிஃபில் பிறந்தவன். மறுநாளே அந்த ஊர்ப் பள்ளிவாசலைத் தாக்கினார்கள். 4ஆம் திகதி ரொதராமில் அகதிகள் தங்கியிருந்த ஹோட்டலுக்குத் தீ வைக்கப் பார்த்தார்கள். 7ஆம் திகதி புதன்கிழமை எங்கெங்கே வரப் போகிறார்கள் என்று ஒரு பட்டியல் வட்ஸ்அப்பில் சுற்றியது. எங்கள் கடைக்காரர் குழுக்களில் மணித்தியாலத்துக்கு ஒரு குரல் பதிவு. எங்கள் ஊரின் பெயரும் ஒன்றில் வந்தது.

நான் ஊர்ப் பொலிஸுக்கு அடித்துக் கேட்டேன், தங்களுக்கு அப்படித் தகவல் இல்லை என்றார்கள். அதை எங்கள் குழுவில் போட்டேன். உறுதி இல்லாத குரல் பதிவை யாரும் இனி அனுப்ப வேண்டாம் என்றும் எழுதினேன். அப்புறம், வெளியே இருந்த குப்பைத் தொட்டிகளையும் பால் கூடைகளையும் உள்ளே எடுத்தேன், எறியவோ கொளுத்தவோ எதுவும் கைக்கு எட்டக் கூடாது. தஞ்சாவூரிலிருந்து படிக்க வந்து என்னிடம் பகுதி நேரம் நிற்கிற தம்பியைப் பஸ்ஸில் விடாமல் காரில் கொண்டுபோய் வீட்டு வாசலில் இறக்கினேன். 5 மணிக்குக் கடையைப் பூட்டினோம். பக்கத்து முடிதிருத்தும் கடைக்காரரும் துருக்கிக் கபாப் கடைக்காரரும் எங்களோடு சேர்ந்து பூட்டினார்கள். எங்கள் ஊருக்கு யாரும் வரவில்லை. லண்டன் வால்தம்ஸ்ரோவில் ஆயிரக்கணக்கான சனம் இனவெறிக்கு எதிராகத் தெருவில் நின்றதை அன்றிரவு வீட்டில் இருந்து பார்த்தோம். என் மனைவி அழுதாள்.

வந்தது இரண்டு நாள் கழித்து. வெள்ளிக்கிழமை பின்னேரம் நான் மொத்தக் கடைக்குப் போயிருந்தேன். தம்பி தனியாக நின்றான், அது என் பிழை. அந்தக் கிழமையில் யாரையும் தனியாக விட்டிருக்கக் கூடாது. இரண்டு பேர் வந்து, மதுபானம் வாங்க அட்டை கேட்டதற்கு அவனை அந்தப் பழைய சொல்லால் ஏசி, 'உன்னையும் கொளுத்துவோம்' என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார்கள். நான் வரும்போது அவன் கவுண்டரில் இருந்த சொக்லேட்டுகளை நிறவாரியாக அடுக்கிக்கொண்டிருந்தான். கை நடுங்கிக்கொண்டிருந்தது. 999க்கு அடித்தோம், கமராவைச் சேமித்தோம், முறைப்பாட்டு நம்பர் வந்தது. அதன் பிறகு தேத்தண்ணி போட்டுக் கொடுத்து, நீலக் கொப்பியையும் பேனாவையும் அவன் பக்கம் தள்ளினேன்.

திகதி எழுதினான், நேரம் எழுதினான். பிறகு பேனாவை நிறுத்தினான்.

"அண்ணா, அந்த வார்த்தையை இங்கிலீஷ்ல எப்படி எழுதணும்?"

எழுத்து எழுத்தாகச் சொன்னேன்.